அப்பா சொன்ன விதிகளுக்குப் பிறந்த ஆண்டு உண்டு

2023 ஒக்டோபர் கடைசியில் இந்தியா பெரிய வெங்காயத்துக்கு ஏற்றுமதி அடிவிலை ஒன்றை வைத்தது, அதற்குக் குறைந்த விலைக்கு வெளிநாட்டுக்கு விற்கக்கூடாது: தொன்னுக்கு 800 டொலர். ஓகஸ்டிலேயே 40 சதவீத ஏற்றுமதி வரி போட்டிருந்தார்கள். கொழும்பில் பத்திரிகை படித்தவர்களுக்கு அது வெங்காயம் விலை ஏறப்போகிறது என்ற செய்தி. கொழும்பின் மொத்த வியாபாரப் பகுதியான புறக்கோட்டையில், நாலாம் குறுக்குத் தெருவில் வெங்காயம் இறக்கி விற்கும் ஒருவருக்கு, அவர் 2019 ஐ மறக்காதவராக இருந்தால், அதற்குள் இன்னொரு செய்தியும் இருந்தது. 2019 செப்டெம்பர் 13 இல் இந்தியா இதேமாதிரி 850 டொலர் அடிவிலை வைத்தது. அந்த மாதம் 29 ஆம் திகதி ஏற்றுமதியையே நிறுத்திவிட்டது. 2023 இலும் அதுதான் நடந்தது. டிசம்பர் 8 இல் வந்த தடை 2024 மே மாதம் வரை நீடித்தது.

அடிவிலைச் செய்தி வந்த அன்றே போனை எடுத்து, இந்தியாவில் வெங்காயம் அனுப்புபவரிடம் "இருக்கிறதை எல்லாம் ஏற்றிவிடு" என்று சொல்லக்கூடிய முதலாளிகள் அந்தத் தெருவில் இருக்கிறார்கள். அப்படி ஒருவருடைய மகன் பக்கத்தில் நின்று அதைப் பார்த்தால் என்ன நினைப்பான்? அப்பா துணிச்சல்காரர், யோசித்துக்கொண்டு நிற்கமாட்டார், சட்டென்று முடிவெடுப்பார் என்று நினைப்பான். அவன் கண்டது அரை நிமிடப் போன் பேச்சு. அந்த அரை நிமிடத்துக்குப் பின்னால் நான்கு வருட ஞாபகமும் ஒரு பழைய நட்டமும் இருந்ததை அவன் காணவில்லை. நாளைக்கு அவன் அந்தக் கதிரையில் இருக்கும்போது போனை எடுக்கும் வேகம் அவனிடம் இருக்கும், எதற்காக எடுப்பது என்பது இருக்காது.

கொழும்பில் குடும்ப வியாபாரங்கள் கைமாறும்போது கோளாறு பெரும்பாலும் இந்த இடத்தில்தான் என்பது என் கணிப்பு. சட்டென்று முடிவெடுக்கும் தன்மையைக் குணம் என்று நினைக்கிறோம். "அப்பாவைப் போலவே மகன்" என்று பெருமைப்படுகிறோம், அல்லது "அப்பாவின் தைரியம் பிள்ளைக்கு இல்லை" என்று கவலைப்படுகிறோம். இரண்டிலும் விசயம் தப்பிப்போகிறது. தகப்பனிடமிருந்து படிக்கவேண்டியது அவர் எதைக் கண்டு அசைகிறார் என்பதைத்தான். குரலையும் கோபத்தையும் யாரும் படிப்பிக்காமலே பிள்ளைகள் எடுத்துக்கொள்வார்கள்.

உள்ளுணர்வை எப்போது நம்பலாம் என்பது பற்றி உளவியலாளர்கள் நெடுநாள் சண்டை பிடித்திருக்கிறார்கள். அனுபவசாலியின் உள்ளுணர்வைப் போற்றியவர் கேரி க்ளைன். அதைச் சந்தேகித்தவர் டேனியல் கானமன். இருவரும் 2009 இல் சேர்ந்து எழுதிய ஓர் ஆய்வுக் கட்டுரையில் ஓரளவு உடன்பட்டார்கள். ஒரு துறையில் நடப்பவற்றுக்கு ஏதாவது ஒழுங்கு இருக்கவேண்டும். அதோடு, எடுத்த முடிவு சரியா பிழையா என்பது சீக்கிரமாகவும் தெளிவாகவும் தெரியவேண்டும். இந்த இரண்டும் உள்ள இடத்தில் நீண்டகாலம் வேலை செய்தவரின் உள்ளுணர்வு பெறுமதியானது. இல்லாத இடத்தில் அவருடைய நம்பிக்கை மட்டும்தான் வளர்ந்திருக்கும்.

இதை ஒரு புறக்கோட்டைக் கடைக்குள் கொண்டுபோய்ப் பார்த்தால் நிறைய விளங்கும். வெங்காயம், உருளைக்கிழங்கு, செத்தல் மிளகாய் எவ்வளவு எடுப்பது என்ற முடிவுக்குச் சில நாட்களில் பதில் வந்துவிடும். மூட்டை அழுகும், அல்லது விலை ஏறும். ஒரு வருடத்தில் நூறு தடவைக்கு மேல் அந்தப் பரீட்சை நடக்கிறது. தகப்பனுக்கு அதில் இருக்கும் கைராசி என்பது பெரும்பாலும் பயிற்சிதான், பிள்ளையும் சில வருடங்களில் பிடித்துவிடலாம். யாருக்குக் கடன் கொடுப்பது என்ற முடிவுக்குப் பதில் வர ஒன்றரை, இரண்டு மாதம் ஆகும். அதுவும் படிக்கக்கூடியதே, ஆனால் யாராவது வாய்விட்டுச் சொல்லவேண்டும். கட்டடம் வாங்குவது, வங்கியில் பெரிய கடன் எடுப்பது, சகோதரர்களைப் பிரிப்பது போன்றவை ஒரு மனிதரின் வாழ்க்கையில் இரண்டு மூன்று தடவைதான் வரும். பதில் தெரியப் பத்து வருடமாகும். அதற்குள் நாடே மாறியிருக்கும். இந்த மூன்றாவது வகையிலும் தகப்பன் முதலாவது வகையில் பேசும் அதே உறுதியான குரலில்தான் பேசுகிறார். கேட்கும் பிள்ளைக்கு வித்தியாசம் தெரியாது.

கடன் விசயத்தைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்க்கலாம். கொழும்பு மொத்த வியாபாரம் பின்திகதியிட்ட செக்கில் ஓடுகிறது. ஹட்டனில் இருந்தோ வவுனியாவில் இருந்தோ கல்முனையில் இருந்தோ வரும் கடைக்காரர் சாமானை எடுத்துக்கொண்டு 30, 45, 60 நாள் தள்ளிய செக் ஒன்றை எழுதிக் கொடுப்பார். கணக்கில் காசில்லாமல் செக் எழுதுவது 1990 ஆம் ஆண்டின் 2 ஆம் இலக்கக் கடன் அறவிடல் சட்டத்தின் 25 ஆம் பிரிவின்படி குற்றம். பொலிசுக்கும் போகலாம், வழக்கும் போடலாம். ஆனால் வழக்குப் போட்டுக் காசு வாங்கி வியாபாரம் நடத்த முடியாது என்பது தெருவில் எல்லோருக்கும் தெரியும். ஆகவே உண்மையான பாதுகாப்பு செக்கை வாங்குவதற்கு முந்திய சில நிமிடங்களில் இருக்கிறது.

பழைய சோனகத் தெருவில் இரும்புச் சாமான் விற்கும் ஒரு கடை. மகன் கணக்கியல் படித்தவர், கம்பியூட்டரில் நிலுவைகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். வெளியூர் வாடிக்கையாளர் ஒருவர் நீளமான ஓடர் கொடுத்துவிட்டுத் தேத்தண்ணி குடிக்கப் போயிருக்கிறார்.

"வாப்பா, இவருக்கு லிமிட் மிச்சம் இருக்கு. ஏத்தச் சொல்லட்டா?"

"விலை பேசினாரா மகன்?"

"இல்ல. சொன்ன விலைக்கே சரின்னுட்டார்."

"அப்ப பாதிக்குக் காசு கேளு. மிச்சம் பொறகு பாப்பம்."

வெளியில் நின்று பார்த்தால் இது சந்தேகப் புத்தி. உள்ளே ஒரு கணக்கு ஓடுகிறது. காசு கொடுக்கும் எண்ணமுள்ளவன் ஒரு கிலோ ஆணிக்கு ஐந்து ரூபாய் குறைக்கவும் மல்லுக்கட்டுவான், ஏனென்றால் அந்த ஐந்து ரூபாய் அவனுடைய இலாபத்தில் இருந்து போகிறது. விலையைப் பற்றிக் கவலைப்படாதவன் காசு கொடுப்பதைப் பற்றியும் கவலைப்படவில்லை என்று சந்தேகிக்க இடமுண்டு. இதோடு இன்னும் சில பார்ப்பார்கள். வழக்கமாக எடுக்காத சாமானைத் திடீரென்று எடுக்கிறாரா? அவருடைய லொறியில் ஏற்கெனவே வேறு யாருடைய மூட்டைகள் இருக்கின்றன? போன தடவை செக் மாறுவதற்கு முதல் நாள் போன் பண்ணி இரண்டு நாள் தவணை கேட்டாரா, அல்லது பேசாமல் திரும்பவிட்டாரா? தவணை கேட்டவர் நல்லவர், அவருக்கு வெட்கம் இருக்கிறது. சாமான் ஏற்றும் நாட்டாமிமாருக்கு இந்த விசயங்களில் பாதி முதலாளிக்கு முன்னரே தெரிந்திருக்கும்.

வாப்பா அந்தக் கணக்கைச் சொல்லிக்கொடுத்தால் மகன் ஒரு வருடத்தில் படித்துவிடுவார். கம்பியூட்டரில் இருக்கும் லிமிட்டோடு அதையும் சேர்த்தால் வாப்பாவைவிடக் கெட்டிக்காரராகவும் வரலாம். சொல்லாவிட்டால் மகன் படிப்பது ஒன்றே ஒன்று: பெரிய ஓடர் வந்தால் முகத்தைக் கடுமையாக வைத்துப் பாதிக் காசு கேட்கவேண்டும். அதை நல்ல வாடிக்கையாளரிடமும் செய்வார். அவர் அடுத்த கடைக்குப் போவார்.

விதிகளின் விசயம் இதைவிடச் சிக்கலானது. எல்லா வியாபாரக் குடும்பத்திலும் சில கட்டளைகள் இருக்கும். சாப்பாட்டு நேரத்தில், கலியாண வீட்டில், கார் ஓடும்போது காதில் விழுந்து விழுந்து அவை வேதவாக்காகிவிடும். "ரொக்கத்தை வீட்டில் வைக்காதே." "சொந்தக் கட்டடம் வேண்டாம், வாடகைக்கு இரு." "அரசாங்கத்தில் ஆள் இல்லாமல் இறக்குமதிக்குப் போகாதே." "எல்லாச் சாமானையும் ஒரே இடத்தில் போடாதே." இவற்றை யாரும் தத்துவமாக யோசித்துக் கண்டுபிடிக்கவில்லை. ஒவ்வொன்றும் ஒரு குறிப்பிட்ட ஆண்டில், ஒரு குறிப்பிட்ட அடியில் பிறந்தது.

1970 இல் அரசாங்கம் 50 ரூபாய், 100 ரூபாய் நோட்டுகளைச் செல்லாது என்று அறிவித்தது. நோட்டுகளை வங்கியில் ஒப்படைக்கச் சொன்னார்கள். கணக்குக் காட்டமுடியாத காசைப் பெட்டியில் வைத்திருந்தவர்கள் தவித்தார்கள். ரொக்கத்தைப் பற்றிய பயமும் தங்கத்தின் மேல் உள்ள நம்பிக்கையும் பல குடும்பங்களில் அந்த வருடம்தான் கெட்டிப்பட்டது. அதைத் தொடர்ந்து வந்தது பெர்மிட் காலம். இறக்குமதி பெரும்பாலும் அரச நிறுவனங்களின் கையில் இருந்தது. அந்த ஏழு வருடத்தில் வியாபாரம் படித்தவர் படித்தது உத்தியோகத்தரைத் தெரிந்துவைப்பதையும், கிடைத்த சாமானைப் பதுக்கிப் பங்கிடுவதையும். 1977 நவம்பரில் பொருளாதாரம் திறந்தபோது ரூபாயின் உத்தியோகபூர்வப் பெறுமதி ஏறக்குறைய பாதியானது, சாமான் கப்பலில் குவிந்தது. பெர்மிட் காலத்தில் கெட்டிக்காரராக இருந்த எத்தனையோ பேர் அதோடு பின்தங்கிப்போனார்கள். அவர்களிடம் முடிவெடுக்கும் வேகம் குறையவில்லை. அவர்கள் எந்தக் கேள்விகளுக்கு வேகமாகப் பதில் சொல்லப் பழகியிருந்தார்களோ, அந்தக் கேள்விகளை யாரும் கேட்கவில்லை.

பிறகு 1983. யூலை 24 இல் இருந்து கொழும்பில் தமிழரின் கடைகளும் ஆலைகளும் வீடுகளும் எரிந்தன. புறக்கோட்டை, பொரளை, வெள்ளவத்தை என்று பட்டியல் நீளும். எரிந்த சொத்துகள் ரெபியா என்று அழைக்கப்பட்ட, சொத்துகளையும் கைத்தொழில்களையும் புனரமைப்பதற்கான அரச அதிகாரசபையின் பொறுப்பில் போயின. சொந்தக் கட்டடத்தைத் திரும்பக் கைக்கு எடுக்கவே விண்ணப்பிக்க வேண்டியிருந்தது. இதற்குப் பிறகு ஒரு தமிழ் வியாபாரி எடுத்த எந்த முடிவையும் வெறும் வியாபார முடிவு என்று சொல்லமுடியாது. சிலர் கப்பலில் யாழ்ப்பாணம் போனார்கள், சிலர் சென்னைக்கும் லண்டனுக்கும் ரொறொன்ரோவுக்கும் போய்த் திரும்பவில்லை. சிலர் சில மாதங்களில் அதே தெருவில், வாடகைக்கு, பாதி அளவில் கடை திறந்தார்கள். ஏ. வை. எஸ். ஞானத்தின் நெசவாலைகளும் அப்போது எரிந்தவற்றில் அடங்கும். அதற்கு முந்திய வருடம்தான் டோக்கியோ சீமெந்துக் கம்பனியைத் தொடங்கியிருந்தார். திருகோணமலையில் ஆலையைக் கட்டி முடித்தார்கள். இன்றும் அந்தக் குடும்பம்தான் அதை நடத்துகிறது.

திரும்பக் கட்டியவரைத் துணிச்சல்காரர் என்றும் கட்டாதவரைப் பயந்தாங்கொள்ளி என்றும் எழுதுவது சுலபம். நான் எழுதமாட்டேன். இரண்டு குழந்தைகளோடு அகதி முகாமில் இருந்துவிட்டு வந்தவர் "இனிமேல் நிலத்தில் காசைப் போடமாட்டேன்" என்று முடிவெடுத்தது, அன்றைக்கு அவரிடமிருந்த தகவலின்படி சரியான முடிவு. சரக்கைப் பிரித்து வைத்தார், பிள்ளைகளைக் கணக்காளராகவும் டொக்டராகவும் படிப்பித்தார், தோளில் தூக்கிக்கொண்டு ஓடக்கூடிய சொத்து கல்விதான் என்றார். பிரச்சினை அடுத்த தலைமுறையில் வருகிறது. மகன் 2010 இல் கடைக்கு வருகிறான். போர் முடிந்துவிட்டது. கொழும்பில் காணி விலை வருடா வருடம் ஏறுகிறது. பக்கத்துக் கடைக்காரர் தன் கட்டடத்தை விற்கக் கேட்கிறார். மகன் "எங்கள் குடும்பத்தில் கட்டடம் வாங்குவதில்லை" என்று ஒரே சொல்லில் முடிக்கிறான். கேட்பவருக்கு அது உறுதியாகத் தெரியும். உண்மையில் அவன் எந்த முடிவும் எடுக்கவில்லை. 1983 இல் அப்பா எடுத்ததைத் திரும்பச் சொல்கிறான்.

அந்த விதி இன்றைக்குப் பிழை என்றும் நான் சொல்லவரவில்லை. 2019 ஏப்ரல் 21 இல் கொச்சிக்கடை அந்தோனியார் கோவிலில் குண்டு வெடித்தபோது, அதைத் தொடர்ந்த வாரங்களில் முஸ்லிம் கடைகள் தாக்கப்பட்டபோது, பழைய விதி எத்தனையோ வீடுகளில் மறுபடி உயிர்பெற்றது. பிள்ளை கேட்கவேண்டிய கேள்வி சின்னது: "அப்பா, இதை எப்பவிருந்து சொல்லுறீங்கள்?" ஆண்டு தெரிந்தால் காரணம் தெரியும். காரணம் இன்னும் இருக்கிறதா என்று பார்க்கலாம். பெரும்பாலான தகப்பன்மார் இந்தக் கேள்வியை எதிர்த்துப் பேசுவதாக எடுத்துக்கொள்வார்கள் என்பது வேறு கதை. தாயிடமோ கடையின் பழைய கணக்கப்பிள்ளையிடமோ கேட்டால் சண்டை இல்லாமல் பதில் வரும்.

2022 இந்த விதிகளையெல்லாம் ஒரே நேரத்தில் பரீட்சைக்கு உட்படுத்தியது. அதற்கு முதல் பல மாதங்களாக டொலர் 203 ரூபாய் அளவில் கட்டிவைக்கப்பட்டிருந்தது. மார்ச் 7 இல் மத்திய வங்கி பிடியைத் தளர்த்தியது. மே மாதத்தில் டொலர் 360 ஐத் தாண்டியது. 90 நாள் தவணையில் 20,000 டொலருக்கு ஒரு கொள்கலன் பருப்பு இறக்கியவரை எடுத்துக்கொள்ளுங்கள். ஓடர் போடும்போது அவர் கணக்கில் அது 40 லட்சத்து 60 ஆயிரம் ரூபாய். அதை வைத்து விலை போட்டு, விற்று, செக்குகளையும் வாங்கியாயிற்று. தவணை வந்தபோது கட்டவேண்டியது 72 லட்சம். ஒரே கொள்கலனில் 31 லட்சம் போனது, அதுவும் வாங்கிய செக் எல்லாம் ஒழுங்காக மாறியிருந்தால். ஏப்ரல் 8 இல் மத்திய வங்கி கொள்கை வட்டியை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகள் ஏற்றியது. 2021 கடைசியில் 9 சதவீதத்துக்கும் குறைவாக இருந்த வங்கிகளின் முதன்மைக் கடன் வட்டி, அதாவது சிறந்த வாடிக்கையாளர்களுக்குப் போடும் வட்டி, 2022 முடியும்போது 27 சதவீதத்துக்கு வந்துவிட்டது. ஒரு கோடி ரூபாய் வங்கி மேலதிகப்பற்றுக்கு (ஓடி) மாதம் 75,000 வட்டி கட்டியவர் இரண்டு லட்சத்துக்கு மேல் கட்டவேண்டியதாயிற்று. செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச்சுட்டெண்படி பணவீக்கம் 69.8 சதவீதம்.

இந்தப் புயலில் யார் தப்பினார்கள் என்று பார்த்தால் ஒரு விசித்திரம் தெரியும். எம்பிஏ படித்து, "அப்பா பழைய ஆள், கடன் எடுத்து வளரத் தெரியாது" என்று சொன்ன பிள்ளைகள் சிலர் அந்தக் கடனாலேயே அடிபட்டார்கள். வங்கிக்குப் போகாமல், சரக்கைக் காசுக்கு வாங்கிக் களஞ்சியத்தில் வைத்திருந்த தகப்பன்மார் விலை ஏற ஏற இலாபம் பார்த்தார்கள். உடனே தெருவில் "பழைய ஆட்கள் சொன்னது சரி" என்ற பேச்சு வந்துவிட்டது. எனக்கு அதில் அரை உடன்பாடுதான். அவர்கள் டொலர் ஏறும் என்று கணித்துச் சரக்கு வைக்கவில்லை. வழக்கம் அது. அதற்கு முந்திய பத்து வருடம் அதே வழக்கம் அவர்களைப் பின்தள்ளியிருந்தது. ஒரு விதி சரியாக வருவதும் அதைச் சொன்னவருக்கு விசயம் விளங்கியிருப்பதும் ஒன்றல்ல. உண்மையில் கெட்டிக்காரத்தனமாக நடந்தவர்கள் இன்னொரு சின்னக் கூட்டம். மார்ச் இரண்டாம் கிழமையே கடனுக்கு விற்பதை நிறுத்தி, கையில் இருந்த சரக்குக்கு நாளாந்தம் விலை மாற்றி, வங்கி மேலாளர் கூப்பிடுவதற்கு முன்னர் தாங்களே போய்த் தவணையை மாற்றிக்கொண்டவர்கள். அந்தக் கூட்டத்தில் இளையவர்களும் இருந்தார்கள், முதியவர்களும் இருந்தார்கள்.

இடையில் இன்னொன்று சொல்லவேண்டும், யாரும் விரும்பிப் பேசாத விசயம். கொழும்பில் விசேட பண்ட வரி, அதாவது இறக்குமதி செய்யும் சில உணவுப் பொருள்களுக்கான வரி, வர்த்தமானியில் ராவோடு ராவாக மாறும். 2020 ஒக்டோபரில் சீனிக்கான வரி கிலோவுக்கு 50 ரூபாயிலிருந்து 25 சதமாகக் குறைக்கப்பட்டது பெரிய அரசியல் சர்ச்சையானது. அப்படி ஒரு மாற்றத்துக்கு முதல் நாள் யாராவது துணிந்து பெரிய அளவில் இறக்கியிருந்தால், அந்தத் துணிச்சல் எங்கிருந்து வந்தது என்று கேட்க இடமிருக்கிறது. தகப்பனின் "சட்டென்ற முடிவு" ஒரு போன் அழைப்பில் முன்கூட்டியே கிடைத்த செய்தியாக இருந்தால், அதைப் பார்த்து வளரும் பிள்ளை படிப்பது துணிச்சலும் அல்ல, கணக்கும் அல்ல. அந்தப் போன் நின்றுபோகும் நாளில் அவன் கையறுநிலையில் நிற்பான்.

தாயைப் பற்றி இதுவரை சொல்லாதது நம் வழக்கத்தையே காட்டுகிறது. கடையின் பெயர்ப்பலகையில் அப்பாவின் பெயர்தான். ஆனால் செக் மாறவேண்டிய நாளில் காசு குறைந்தால் கை போவது அம்மாவின் காப்புக்கும் சங்கிலிக்கும். அடகு வைப்பதா, எதை வைப்பது, எப்போது மீட்பது என்று தீர்மானிப்பவர் அவர். வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் பெண்கள் பிடிக்கும் சீட்டு எத்தனையோ கடைகளின் மறைமுக வங்கி. யாரைச் சீட்டில் சேர்ப்பது, யார் முதல் கழிவில் எடுத்துவிட்டு நின்றுவிடுவார் என்பதெல்லாம் நான் மேலே சொன்ன கடன் கணக்கேதான். அதை மகள்மார் பார்த்து வளர்கிறார்கள். கடையின் காசு லாச்சியைத் திறக்கும் உரிமை மட்டும் மகனுக்கு. வெளிப்படையாகத் தாய் கட்டிய வியாபாரங்களும் கொழும்பில் உண்டு. அபான் பெஸ்டன்ஜி 1968 இல் பழைய மின்சாதனங்களை வாங்கித் திருத்தி விற்கத் தொடங்கியதுதான் இன்றைய அபான்ஸ். இப்போது அதைப் பிள்ளைகள் நடத்துகிறார்கள்.

பெற்ற தகப்பனால் பிள்ளைக்கு வியாபாரம் படிப்பிக்க முடியுமா என்பதையே சந்தேகித்த ஒரு சமூகம் செட்டியார் தெருவில் நூறு வருடத்துக்கு முன் இருந்தது. நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள் தங்கள் பையன்களை வேறொருவருடைய கடையில் பெட்டியடிப் பையனாகச் சேர்ப்பார்கள். கணக்குப்பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து எழுதவேண்டும், கூட்டவேண்டும், சொன்ன இடத்துக்கு ஓடவேண்டும். பிறகு அடுத்தாள், அதன்பிறகு மேலாள். தவணை முடிந்து ஊர் திரும்பும்போது கணக்கு ஒப்படைக்கவேண்டும். முதலாளியின் பிள்ளை என்ற சலுகை அங்கே செல்லாது. பிழை விட்டால் திட்டு விழும், அந்தத் திட்டில் வீட்டுக் கோபம் கலந்திருக்காது. சொந்தக் கடையில் தகப்பன் பிள்ளையின் பிழையை மறைத்துவிடுவார், அல்லது ஊருக்கெல்லாம் சொல்லிக்காட்டுவார். இரண்டிலும் பாடம் கெட்டுப்போகும்.

அந்த முறையும் எல்லாவற்றையும் காப்பாற்றவில்லை. ஆங்கிலேய வங்கிகளிடம் மொத்தமாகக் கடன் வாங்கி உள்ளூர் வியாபாரிகளுக்குக் கொடுப்பது செட்டியார்களின் தொழில். 1925 இல் ஒரு பெரிய செட்டியார் நிறுவனம் முறிந்ததும் வங்கிகள் எல்லாச் செட்டியார்களுக்கும் கையை இறுக்கிக்கொண்டன, அவர்களை நம்பியிருந்த கொழும்பு வியாபாரிகளுக்கும் கடன் வற்றியது. 1934 இல் வங்கி ஆணைக்குழு அமைந்ததற்கும் 1939 இல் இலங்கை வங்கி திறந்ததற்கும் பின்னணியில் இந்தத் தவிப்பும் உண்டு. கடைக்குள் எவ்வளவு நன்றாகப் பயின்றாலும் கடைக்கு வெளியே வங்கி என்ன செய்யும் என்பதைப் பெட்டியடியில் படிக்கமுடியாது.

தலைமை குடும்பத்துக்குள் கைமாறினால் என்ன ஆகிறது என்பதைச் சுத்தமாக அளப்பது கடினம். நட்டத்தில் இருக்கும் கம்பனிதான் பிள்ளையிடம் போகிறதோ என்னவோ. 2007 இல் வெளியான டென்மார்க் ஆய்வு ஒன்று இதற்கு நல்ல வழி கண்டுபிடித்தது. ஓய்வுபெறும் தலைவரின் முதல் பிள்ளை ஆணாக இருந்தால் கம்பனி குடும்பத்துக்குள் போகும் வாய்ப்பு அதிகம். முதல் பிள்ளை ஆணா பெண்ணா என்பது கம்பனியின் நிலையைப் பார்த்து நடப்பதில்லை. இதை வைத்து அளந்தபோது, குடும்பத்துக்குள் கைமாறிய கம்பனிகளில் சொத்தின் மீதான இலாபம் குறைந்தபட்சம் 4 சதவீதப் புள்ளிகள் விழுந்திருந்தது. அதே காலத்தில் வேறு நாடுகளில் நடந்த இன்னோர் ஆய்வு இன்னும் கூர்மையாகச் சொன்னது: குடும்பச் சொத்தாக இருப்பதால் மட்டும் நிர்வாகம் கெடுவதில்லை, மூத்த மகன் என்பதற்காகவே ஒருவரைத் தலைவராக்கும் இடத்தில்தான் அது மோசமாக இருக்கிறது. கொழும்பிலும் சில பெரிய வீடுகள் இதைப் புரிந்து நடந்திருக்கின்றன. 1948 இல் எசுபாலி குடும்பம் தொடங்கிய ஹேமாஸ், 2020 இல் கஸ்தூரி செல்லராஜா வில்சனைக் குழுமத்தின் தலைமை நிறைவேற்று அதிகாரியாக்கியது.

சின்னக் கடைகளுக்கு அந்த வசதி இல்லை. அங்கே பிள்ளைதான், வேறு ஆள் இல்லை. ஆகவே படிப்பிப்பது எப்படி என்பதே கேள்வி. நான் கண்டவரை உருப்பட்ட இடங்களில் பிள்ளைக்குச் சிறிய அளவில் உண்மையான அதிகாரம் முன்கூட்டியே கிடைத்திருக்கிறது. ஒரு பண்டத்தின் கொள்வனவு முழுக்க அவன் பொறுப்பு. ஐந்து லட்சம் வரை கடன் கொடுக்க யாரையும் கேட்கத் தேவையில்லை. நட்டம் வந்தால் மாதக் கடைசியில் அவனே கொப்பியில் எழுதவேண்டும். தகப்பன் தலையிடுவதில்லை, ஆனால் தான் என்ன செய்திருப்பேன், ஏன், என்பதைப் பிறகு சொல்கிறார். உருப்படாத இடங்களில் பிள்ளைக்குப் பதவி இருக்கும், கையெழுத்து இருக்காது. விசிட்டிங் கார்டில் பணிப்பாளர் என்று போட்டிருக்கும், ஆயிரம் ரூபாய் கழிவுக்கும் "அப்பாவைக் கேட்டுச் சொல்லுறன்" என்பான். வாடிக்கையாளர்களும் இரண்டு மாதத்தில் அதைப் புரிந்துகொண்டு நேரே அப்பாவிடமே போவார்கள். நாற்பது வயதில் அவன் முடிவெடுக்கத் தெரியாதவன் என்று தகப்பனே குறைப்படுவார்.

சட்டம் இந்த நாடகத்தைக் கண்டுகொள்வதில்லை. 2007 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்கக் கம்பனிகள் சட்டப்படி, வரிக்காகவோ வங்கிக்காகவோ பெயரளவில் பணிப்பாளராக்கப்பட்ட பிள்ளைக்கும் முழுப் பொறுப்பு உண்டு. தேறிய சொத்து (கடன்களைக் கழித்த சொத்து) கூறப்பட்ட மூலதனத்தின் (பங்குகளுக்காகக் கம்பனிக்கு வந்த பணத்தின்) பாதிக்குக் கீழே போனால் பணிப்பாளர் சபை பங்குதாரர்களின் விசேட கூட்டத்தைக் கூட்டவேண்டும். "அப்பாதான் பார்த்தவர்" என்று சொல்லித் தப்பமுடியாது.

புறக்கோட்டைக் கடைகளில் பெருந்தொகையானவை கம்பனிகளே அல்ல. தனி உரிமை, அல்லது அண்ணன் தம்பி பங்கு. பங்குடைமைக்கு இங்கே இன்னும் 1890 ஆம் ஆண்டின் ஆங்கிலச் சட்டம்தான் பொருந்துகிறது. பங்காளி ஒருவர் இறந்தால், வேறு உடன்பாடு எழுதிவைக்காவிட்டால், பங்குடைமை கலைந்துவிடும். தனி உரிமையாளர் இறந்தால் அவர் பெயரிலுள்ள வங்கிக் கணக்கு நிற்கும், வேறு ஏற்பாடு செய்து வைக்காவிட்டால், மரணசாசன வழக்கில் நீதிமன்றத்தின் அனுமதி கிடைக்கும் வரை காசு எடுக்க முடியாது. அவர் எழுதிக் கொடுத்த பின்திகதிச் செக்குகள் மட்டும் ஒவ்வொன்றாக வந்துகொண்டிருக்கும். வெங்காயத்தை அரை நிமிடத்தில் முடிவெடுக்கும் முதலாளிகளில் எத்தனையோ பேர் பங்கு உடன்பாடு அல்லது மரணசாசனம் என்ற இந்த ஒரு பத்திரத்தை இருபது வருடமாகத் தள்ளிப்போட்டுக்கொண்டிருக்கிறார்கள். நொத்தாரிசுக்கும் பதிவுக்கும் ஆகும் செலவு ஒரு லொறி வெங்காயத்தின் இலாபம்கூட வராது.